நரம்பில் எதைக் கடத்துகிறார்கள்?

கேள்வி: என் அம்மாவுக்கு 58 வயது. பத்து வருடமாகச் சீனி வருத்தம் இருக்கிறது. சில மாதங்களாக இரவில் இரண்டு கையும் விறைத்து, நித்திரையால் எழும்பிக் கையை உதறிக்கொண்டு இருக்கிறார். கிளினிக்கில் பார்த்த வைத்தியர் 'என்.சி.எஸ்.' என்று எழுதி அனுப்பினார். திகதி எடுக்கப் போன இடத்தில் தந்த துண்டில் 'நரம்புக் கடத்தல் பரிசோதனை' என்று தமிழில் இருந்தது. அதை வாசித்த நாளிலிருந்து அம்மா போக மாட்டேன் என்கிறார். "நரம்பிலே எதைக் கடத்தப் போகினம்?" என்று கேட்கிறார். பக்கத்து வீட்டு மாமி 'கரண்ட் பிடிப்பினம்' என்று சொல்லிவிட்டார். வேறொருவர் இரத்த ஓட்டம் பார்க்கிற சோதனை என்கிறார். இந்தச் சொல்லின் சரியான பொருள் என்ன ஐயா? எப்படிச் சொன்னால் அம்மாவுக்கு விளங்கும்?
- ஒரு வாசகி, விசுவமடு

பதில்: உங்கள் அம்மா கேட்டது அந்தத் துண்டை எழுதியவர்கள் முதலில் தங்களையே கேட்டிருக்க வேண்டிய கேள்வி. மணல் கடத்தல், மரக் கடத்தல் என்று நாள்தோறும் செய்தி வருகிற நிலம் இது. 2017 பெப்ரவரி முதல் காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவுகள் கிளிநொச்சி கந்தசுவாமி கோவில் முன்பாகப் பிள்ளைகளின் படங்களை மடியில் வைத்துக்கொண்டு அமர்ந்திருந்ததை நாங்கள் எல்லோரும் கண்டிருக்கிறோம். இங்கே ஒரு தாயின் காதில் 'கடத்தல்' என்ற சொல் விழும்போது பள்ளிக்கூடத்து விஞ்ஞானப் புத்தகம் நினைவுக்கு வரும் என்று எதிர்பார்ப்பது நியாயமில்லை. முப்பது வருடத்துக்கு மேல் அந்தப் புத்தகத்தைப் படிப்பித்த எனக்கே அந்தத் துண்டின் வாசகத்தை உங்கள் கடிதத்தில் கண்டபோது ஒரு கணம் மனம் திடுக்கிட்டது.

சொல்லில் தவறு இல்லை. 'கட' என்ற வினை 'கடத்து' என்று பிறவினையாகும்போது கடக்கச் செய்தல், ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குக் கொண்டு சேர்த்தல் என்ற பொருள் வருகிறது. 'ஏதோ காலத்தைக் கடத்துகிறோம்' என்று சொல்வதும் இதே சொல்தான். செப்புக் கம்பியை மின்கடத்தி என்றும், சூடேறிய அகப்பைக் காம்பு கையைச் சுடுவதை வெப்பக் கடத்தல் என்றும் பாடத்தில் எழுதினோம். ஆனால் தொகைச்சொல்லாகச் சேரும்போது ஒரு சிக்கல் உண்டு. 'மரக் கடத்தல்' என்றால் மரத்தைக் கடத்துதல். 'வெப்பக் கடத்தல்' என்றால் வெப்பத்தைக் கடத்துதல். அந்தப் பழக்கத்தில் 'நரம்புக் கடத்தல்' என்று வாசிப்பவர் நரம்பை ஏதோ செய்யப் போகிறார்கள் என்றோ, நரம்புக்குள் எதையோ ஏற்றப் போகிறார்கள் என்றோ எண்ணுவது இயல்பு. இங்கே நரம்புதான் கடத்துகிறது. கடத்தப்படும் பொருள் சொல்லில் மறைந்து நிற்கிறது. மறைந்து நிற்பது நரம்பின் செய்தி. எங்கள் பாடநூல் அதைக் 'கணத்தாக்கம்' என்று அழைத்தது. கணப்பொழுதில் எழுந்து ஓடி மறைகிற தாக்கம் என்று அதை நான் விளங்கப்படுத்துவேன். தமிழில் அமைந்த நல்ல கலைச்சொற்களில் அதுவும் ஒன்று என்பது என் எண்ணம்.

இரத்த ஓட்டம் பற்றிய மயக்கம் 'நரம்பு' என்ற மற்றச் சொல்லால் வந்தது. பழந்தமிழில் யாழின் தந்திக்கு நரம்பு என்று பெயர். இலையில் ஓடும் கோடும் நரம்புதான். வயற்காரரின் முன்கையில் புடைத்து நிற்கும் நீல நிறக் குழாயையும் ஊரில் நரம்பு என்றே சொல்கிறோம். சேலைன் ஏற்றப் போகும் தாதி 'நரம்பு பிடிபடுகுது இல்லை' என்று சொல்வதைக் கேளாதவர் இருக்க முடியாது. அது நரம்பு அன்று, நாளம். இரத்தத்தை இதயத்துக்குத் திருப்பிக் கொண்டு போகும் குழாய். வைத்தியர் சொல்லும் நரம்பு, மூளையிலும் முண்ணாணிலும் இருந்து கைகால்களுக்கு வரும் வெண்மையான நார்க்கட்டு. அதற்குள் இரத்தம் ஓடுவதில்லை. ஆகவே உங்கள் அம்மாவின் சோதனையில் இரத்தம் எடுக்க மாட்டார்கள், மருந்து ஏற்றவும் மாட்டார்கள் என்பதை முதலில் சொல்லிவிடுங்கள்.

'கரண்ட்' என்று மாமி சொன்னதில் பாதி உண்மை உண்டு. பாதி உண்மைதான் கூடுதலாகப் பயப்படுத்தும் என்பதால் முழுவதையும் சொல்கிறேன். சீனி வருத்தக்காரனான எனக்கும் இந்தச் சோதனை செய்தார்கள். சட்டைக் கையை மடித்துவிட்டுக் கட்டிலில் படுக்கச் சொன்னார்கள். பெருவிரலின் அடியில் இருக்கும் சதைமேட்டில் சிறிய வட்டத் தகடு ஒன்றைப் பசையோடு ஒட்டினார்கள். அது கேட்கும் தகடு. பிறகு இரண்டு முனை உள்ள கைபிடி ஒன்றை மணிக்கட்டில் வைத்து அழுத்தினார்கள். சுண்டிவிட்டது போல ஒரு உணர்வு வந்தது; நான் அசைக்காமலே பெருவிரல் துள்ளியது. திரையில் ஒரு மலை போல வளைகோடு எழுந்தது. அடுத்ததாகக் கைபிடியை முழங்கை மடிப்பில் வைத்தார்கள். அதே துள்ளல், அதே மலை, ஆனால் சற்றுப் பிந்தி எழுந்தது. ஒவ்வொரு சுண்டலும் ஒரு செக்கனின் ஐயாயிரத்தில் ஒரு பங்கு அளவு நேரமே நீடிக்கும். வீட்டு மின்சாரம் பிடித்து இழுப்பதற்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை. நோகவே நோகாது என்று நான் பொய் சொல்ல மாட்டேன். சில சுண்டல்கள் அந்தரமாக இருக்கும். கைபிடியை எடுத்ததும் ஒன்றும் இராது.

கணக்கு எளிது. மணிக்கட்டில் சுண்டியபோது விரல் துள்ள 3.6 மில்லிசெக்கன் ஆனது, முழங்கையில் சுண்டியபோது 7.6 மில்லிசெக்கன் ஆனது என்று வைத்துக்கொள்வோம். இரண்டு இடத்துக்கும் இடையே நாடாவால் அளந்த தூரம் 22 சென்ரிமீற்றர். அந்த 22 சென்ரிமீற்றரைச் செய்தி கடக்க 4 மில்லிசெக்கன் எடுத்திருக்கிறது. அதாவது செக்கனுக்கு 55 மீற்றர் வேகம். கையில் 50 மீற்றருக்கு மேலும் காலில் 40 மீற்றருக்கு மேலும் இருந்தால் வளர்ந்தவருக்குப் பொதுவாக நல்ல வேகம். நரம்பின் வேகத்தை அளக்கவே முடியாது என்று பெரிய அறிஞர்கள் நம்பிக்கொண்டிருந்த காலத்தில், 1850 இல் ஹெர்மன் ஹெல்ம்ஹோல்ட்ஸ் என்ற ஜேர்மானியர் ஒரு தவளையின் கால் நரம்பை இரண்டு இடத்தில் தூண்டி இதே கழித்தல் கணக்கைச் செய்தார். அவருக்குக் கிடைத்தது செக்கனுக்கு ஏறத்தாழ 27 மீற்றர். கருவிகள் மாறிவிட்டன, கணக்கு மாறவில்லை.

வேகம் மட்டும் போதாது என்பதால், மலையின் உயரத்தையும் பார்ப்பார்கள். அதைப் பாடநூல் மொழியில் வீச்சம் என்று சொல்லலாம். இரணைமடுத் தண்ணீரை நம்பி வயல் செய்கிறவர்களுக்கு இதன் வேறுபாடு உடனே விளங்கும். வாய்க்காலில் தண்ணீர் பிந்தி வருவது ஒரு பிரச்சினை. நேரத்துக்கு வந்தும் குறைந்து வருவது இன்னொரு பிரச்சினை. ஒரு நரம்பு என்பது ஆயிரக்கணக்கான இழைகளின் கட்டு. இழைகளைச் சுற்றியிருக்கும் மயலின் உறை பழுதானால் செய்தி பிந்தும், வேகம் விழும். இழைகளே பட்டுப்போனால், மிஞ்சிய இழைகள் நேரத்துக்குச் செய்தியைக் கொண்டுவந்தாலும் தொகை குறைந்துவிடும், மலை தாழ்ந்துவிடும். எது நடந்திருக்கிறது என்பதைப் பொறுத்து வைத்தியர் தேட வேண்டிய காரணமும் கொடுக்க வேண்டிய மருந்தும் மாறும்.

இழைகளே பட்டுப்போவதற்கு எங்கள் நாட்டிலேயே மறக்கக்கூடாத ஓர் எடுத்துக்காட்டு இருக்கிறது. 1977, 1978 ஆண்டுகளில் மலையகத் தேயிலைத் தோட்டங்களில் இருபதுக்கு மேற்பட்ட தமிழ் இளம் பெண்களுக்குத் திடீரெனக் கால்கள் சோர்ந்து நடக்க முடியாமல் போனது. அவர்களிற் பெரும்பாலோர் அப்போதுதான் வயதுக்கு வந்தவர்கள். பேராதனையில் இருந்த நரம்பியல் வைத்தியர் நிமால் சேனநாயக்கவும் அவரோடு ஆய்ந்தவர்களும் காரணத்தைத் தேடியபோது, பூப்பெய்திய பிள்ளைக்கு வழக்கமாகக் கொடுக்கும் நல்லெண்ணெயில் கலந்திருந்த திரைகிறெசைல் பொஸ்பேற்று என்ற இரசாயனம் அகப்பட்டது. நீண்ட இழைகளின் நுனியிலிருந்து பட்டுக்கொண்டு வரும் நஞ்சு அது. ஆகையால் கால்தான் முதலில் விழும். பிள்ளைக்கு நன்மை என்று தாய் ஊட்டிய எண்ணெயில் அது இருந்தது என்பதை நினைக்கும்போது இன்றைக்கும் நெஞ்சு கனக்கிறது.

உங்கள் அம்மாவுக்கு வருவோம். இரவில் விறைப்பதும் உதறினால் சுகமாவதும், மணிக்கட்டில் ஒடுங்கிய வழியால் வரும் நரம்பு நசிபடுவதன் அடையாளமாக இருக்கலாம். சீனி வருத்தத்தால் எல்லா நரம்பும் மெல்ல மெல்லப் பழுதாவதாகவும் இருக்கலாம். இரண்டும் சேர்ந்தும் இருக்கலாம். மணிக்கட்டில் மாத்திரம் செய்தி பிந்துகிறதா, காலிலும் அப்படியா என்று பார்த்தால் இதைப் பிரித்தறிய முடியும். அதற்காகத்தான் அனுப்பியிருக்கிறார்கள் என்று நினைக்கிறேன். கையை மட்டும் காட்டப் போன இடத்தில் காலிலும் சுண்டினால் அம்மா பயப்படக்கூடாது என்பதற்காக இதைச் சொல்லி வைக்கிறேன்.

அவருக்குச் சொல்லும்போது 'கடத்தல்' என்ற சொல்லை விட்டுவிடுங்கள். 'அம்மா, உங்கட நரம்பு செய்தியை எவ்வளவு கெதியாகக் கொண்டுபோகுது, எவ்வளவு பலமாகக் கொண்டுபோகுது எண்டு பார்க்கப் போகினம்' என்று சொன்னால் போதும். எழுத்தில் வேண்டுமானால் 'நரம்புக் கடத்துகைச் சோதனை' என்று எழுதலாம் என்பது என் விருப்பம். வேர் அதுவே, 'கடத்துகை' என்ற வடிவம் குற்றச்செயலின் பெயராக வழங்காதபடியால் காயப்பட்ட மனத்தைச் சுண்டாது. மானிப்பாயில் 1800களின் நடுவில் தமிழிலேயே மருத்துவம் படிப்பித்த சாமுவேல் கிறீன் காலத்திலிருந்து மருத்துவச் சொல்லாக்கம் எங்கள் வடக்கின் சொந்த வேலையாக இருந்திருக்கிறது. ஒரு சொல்லின் ஈற்றைத் திருத்திக்கொள்ளும் உரிமை எங்களுக்கு உண்டு.

போகிற நாளில் கைகாலில் எண்ணெயோ கிறீமோ பூச வேண்டாம், தகடு ஒட்டாது. கை குளிர்ந்திருந்தாலும் முடிவு பிழைக்கும். தோலின் வெப்பம் ஒரு பாகை குறைந்தால் வேகம் செக்கனுக்கு 2 மீற்றர் அளவில் குறையும். மார்கழி மழையில் நனைந்துகொண்டு பஸ்ஸில் போன எனக்கு, கையை வெந்நீரில் வைத்துச் சூடாக்கிய பிறகுதான் சோதனையைத் தொடங்கினார்கள். இதயத்துக்கு 'பேஸ்மேக்கர்' வைத்திருந்தால் அதைக் கட்டாயம் முன்கூட்டியே சொல்ல வேண்டும்.

கேள்வி: என் கணவரின் தாளில் 'ஈ.எம்.ஜி.' என்று இருக்கிறது. போன இடத்தில் 'என்.சி.எஸ்.' செய்ததாகச் சொல்கிறார்கள். இரண்டும் ஒன்றா? தலையில் வயர் வைத்துச் செய்வதும் இதுதானா?
- ஒரு வாசகி, துணுக்காய்

பதில்: இரண்டும் ஒன்றல்ல; ஆனால் ஒரே அறையில், ஒரே கருவியில், பெரும்பாலும் ஒன்றன்பின் ஒன்றாகச் செய்யப்படுவதால் வைத்தியர்களே இரண்டையும் சேர்த்து 'ஈ.எம்.ஜி.' என்று எழுதிவிடுவது உண்டு. 'என்.சி.எஸ்.' நரம்பை வெளியிலிருந்து சுண்டிப் பார்ப்பது. 'ஈ.எம்.ஜி.' என்பது தசையின் மின்னைப் பதிவது. தசைமின் பதிவு என்று தமிழில் சொல்லலாம். அதில் மெல்லிய ஊசி ஒன்றைத் தசைக்குள் செலுத்துவார்கள். அந்த ஊசியால் மருந்தும் போவதில்லை, மின்னும் போவதில்லை. அது தசையின் உள்ளே நடப்பதைக் கேட்கும் காது மட்டுமே. ஓய்வாக இருக்கும் நல்ல தசை மௌனமாக இருக்கும். நரம்பை இழந்த தசை தானாகவே சிறுசிறு துடிப்புகளை எழுப்பும். ஒலிபெருக்கியில் அது தகரக் கூரையில் மழைத்துளி விழுவது போலக் கேட்கும் என்று நரம்பியல் வைத்தியர்கள் ஒப்பிடுவது வழக்கம். மீள்குடியேறித் தகரக் கொட்டிலில் மழைக்காலம் கழித்தவர்களுக்கு அந்த ஓசையை நான் விளக்க வேண்டியதில்லை. இரத்தம் உறையாமல் இருக்க 'வாபரின்' போன்ற மருந்து எடுப்பவர்கள் ஊசிக்கு முன்னர் அதைச் சொல்ல வேண்டும்.

தலையில் வயர் வைப்பது 'ஈ.ஈ.ஜி.', மூளையின் மின்னைப் பதிவது. வலிப்பு முதலியவற்றுக்குப் பயன்படுவது. உங்கள் கணவரின் தாளில் உள்ளது அதுவல்ல.

நரம்பை ஒருமுறை சுண்டாமல் தொடர்ந்து பலமுறை சுண்டிப் பார்க்கும் ஒரு வகையும் உண்டு. நரம்பிலும் தசையிலும் பழுதில்லாமல், இரண்டும் சந்திக்கும் இடத்தில் பழுது இருந்தால் அது காட்டிக்கொடுக்கும். கிருமிநாசினி புழங்கும் வயற்காரர்கள் இதன் கதையைத் தெரிந்திருக்க வேண்டும். சேனநாயக்கவும் லக்ஷ்மன் கரல்லியத்தவும் 1987 இல் வெளியிட்ட ஆய்வில், ஓகனோபொஸ்பரசு வகைக் கிருமிநாசினி உடலில் சேர்ந்தவர்கள் முதல் ஆபத்தைத் தாண்டிய பிறகு, நஞ்சு சேர்ந்ததிலிருந்து 24 முதல் 96 மணித்தியாலங்களுக்குள் கழுத்தும் தோளும் மூச்சுத் தசைகளும் சோர்ந்து போவதைக் காட்டினார்கள். வேகமாகத் தொடர்ந்து சுண்டியபோது தசையின் பதில் படிப்படியாகத் தேய்ந்ததை அவர்கள் பதிந்தார்கள். உலகெங்கும் இன்று 'இடைநிலை நோய்த்தொகுதி' என்ற பொருளில் வழங்கும் பெயர் எங்கள் நாட்டு வைத்தியர்கள் வைத்தது. 'ஆள் தெளிந்துவிட்டார், வீட்டுக்குக் கொண்டு போகிறோம்' என்று இரண்டாம் நாளே கையெழுத்து வைக்க நிற்கும் உறவினருக்கு இதைவிடப் பெரிய எச்சரிக்கை இல்லை.

கேள்வி: இரண்டு வருடமாக உள்ளங்கால் நெருப்பாக எரிகிறது. நரம்புச் சோதனை செய்து 'நோர்மல்' என்று தந்துவிட்டார்கள். நான் நடிக்கிறேன் என்று வீட்டில் நினைக்கிறார்கள். 'நரம்புத் தளர்ச்சி'யாக இருக்கும் என்று ஒருவர் குளிசை விற்கிறார்.
- ஒரு வாசகர், முள்ளியவளை

பதில்: நீங்கள் நடிக்கவில்லை. இந்தச் சோதனை தடித்த, வேகமான இழைகளை மட்டுமே பார்க்கும். எரிவையும் சூட்டையும் வலியையும் கொண்டுபோகும் மிக மெல்லிய இழைகளின் செய்தி இந்தக் கருவியில் பதிவாகாது. அவை மாத்திரம் பழுதான ஒருவருக்கு எரிவு உண்மையாகவே இருக்கும், தாளில் 'இயல்பு' என்றே வரும். ஆகையால் அந்தச் சொல்லைத் 'தடித்த இழைகள் இயல்பு' என்று வாசியுங்கள். எரிவு தொடர்வதை வைத்தியரிடம் மீண்டும் சொல்லுங்கள். இரத்தத்தில் சீனியையும் விற்றமின் பி12 அளவையும் பார்த்தார்களா என்று கேளுங்கள். 'நரம்புத் தளர்ச்சி' என்று விளம்பரங்களில் வருவது எந்தக் கருவியாலும் அளக்கப்படும் நோயின் பெயர் அல்ல. பயத்தையும் வெட்கத்தையும் காசாக்கப் பயன்படும் சொல் அது. குளிசையை வாங்காதீர்கள்.

கேள்வி: 2009 இல் ஷெல் துண்டு பட்டு வலது மேற்கையில் பெரிய காயம். மணிக்கட்டு அன்றிலிருந்து தொங்கிப் போயிருக்கிறது. விரலை நிமிர்த்த முடியாது. துண்டு ஒன்று இன்னும் உள்ளே இருக்கிறது. இத்தனை வருடத்துக்குப் பிறகு இந்தச் சோதனை செய்து பயன் உண்டா?
- ஒரு வாசகர், புதுக்குடியிருப்பு

பதில்: உண்டு தம்பி, ஆனால் எதற்குப் பயன் என்பதில் தெளிவாக இருப்போம். அறுந்த நரம்பு வளர்ந்தால் நாளுக்கு ஒரு மில்லிமீற்றர் அளவில்தான் வளரும். ஒன்றரை வருடத்துக்கு மேல் நரம்பில்லாமல் கிடந்த தசை பெரும்பாலும் திரும்பி எழும்பாது. ஆகவே பட்டுப்போன நரம்பு இந்தச் சோதனையால் உயிர்பெறும் என்று நான் உங்களுக்கு ஆசை காட்ட மாட்டேன். ஆனால் எந்தத் தசைகள் முழுவதும் போய்விட்டன, எவை பாதியாவது உயிரோடு இருக்கின்றன, மற்ற நரம்புகள் நல்ல நிலையில் இருக்கின்றனவா என்பதைச் சொல்லும். அது தெரிந்தால், உள்ளங்கைப் பக்கத்தில் நன்றாக வேலை செய்யும் ஒரு தசையின் நாணை எடுத்து மணிக்கட்டை நிமிர்த்தும் பக்கத்துக்கு மாற்றித் தைக்கும் சத்திரசிகிச்சை சரிவருமா என்று சத்திரசிகிச்சை நிபுணர் யோசிக்கலாம். மூட்டுகள் இறுகிப் போகாமல் இருந்தால் வருடங்கள் கழித்தும் அதைச் செய்ய முடியும். இதனாலேயே, மற்றக் கையால் மணிக்கட்டையும் விரல்களையும் நாள்தோறும் நிமிர்த்தி மடக்கி வைப்பதை விடாதீர்கள்.

புதிதாகக் காயப்பட்டவர்களுக்கும் ஒரு சொல். அறுந்த இடத்துக்குக் கீழே உள்ள நரம்புத்துண்டு ஒரு வாரம் பத்து நாள் வரை செய்தியைக் கடத்திக்கொண்டே இருக்கும். அந்த நாட்களில் அறுபட்ட இடத்துக்குக் கீழே சுண்டிப் பார்த்தால் நரம்பு நன்றாக இருப்பது போலத் தோன்றும். ஊசியில் கேட்கும் அந்தத் தகரக் கூரை மழை தொடங்கவும் இரண்டு மூன்று வாரம் செல்லும். அதனால்தான் 'மூன்று கிழமை கழித்து வாருங்கள்' என்று திருப்பி அனுப்புகிறார்கள். அது அலட்சியம் அல்ல. காயம் திறந்து கிடந்து நரம்பு அறுந்தது கண்ணுக்கே தெரிந்தால், சோதனைக்குக் காத்திராமல் தைப்பது வேறு விடயம்.

உள்ளே இருக்கும் துண்டு இந்தச் சோதனைக்குத் தடையில்லை. இதில் காந்தம் கிடையாது. ஆனால் எவராவது 'எம்.ஆர்.ஐ.' எடுக்கச் சொன்னால், உடம்பில் இரும்பு இருப்பதை வாசலிலேயே சொல்லிவிட வேண்டும். அங்கே இருப்பது பலமான காந்தம். உங்கள் பழைய வைத்தியக் குறிப்புகள் இடப்பெயர்வில் தொலைந்திருக்கும் என்று எனக்குத் தெரியும். அவற்றுக்குப் பதிலாக ஒரு தாளில் எழுதிக்கொண்டு போங்கள்: காயம் பட்ட மாதம், துண்டு எந்தப் பக்கத்தால் நுழைந்தது, எங்கே யாராவது வெட்டித் தைத்தார்களா, கை அன்றைக்கே விழுந்ததா அல்லது சில நாள் கழித்து விழுந்ததா.